அருணை மலையும் ஆங்கிலத் திரை இயக்குநரும்: எட்மண்டு கூல்டிங்கின் படம் ஒன்று பற்றிய ஆய்வு

1946ஆம் ஆண்டு திருவண்ணாமலை வரலாற்றில் இருவகையால் நினைக்கத்தக்கது. இரமண முனிவர் இவ்வூர் எய்தியது 1896 செப்டம்பர் முதல் நாள். அதன் ஐம்பதாம் ஆண்டு நிறைவை மலையடிவார ஆசிரமத்தார் 1946இல் பொன்விழாவாகக் கொண்டாடினர். பொன்விழா மலரும் வெளியிட்டனர். அவ்வாண்டு நவம்பரிலேயே அமெரிக்காவில் ஓர் ஆங்கிலத் திரைப்படம் வெளிவந்தது. அதன் நடுப்பகுதியில் இந்திய ஞானி ஒருவர் தோன்றுகிறார். மேனாட்டு இளைஞன் ஒருவனுக்கு வழிகாட்டி, மலைமேல் தனித்திருக்கச் செய்து, பின்னர் உலகிற்கே திருப்பி அனுப்புகிறார். அந்த ஞானியின் உருவிற்கு மூலம் இவ்வூர் முனிவரே. முனிவர் உயிரோடிருந்து அடியார்க்கு அருள்நோக்கு வழங்கிய காலத்திலேயே அவருடைய நிழல் வேற்று நாட்டுத் திரையில் ஆடியது.

படத்தின் பெயர் 'தி ரேசர்ஸ் எட்ஜ்'. தமிழில் 'சவரக்கத்தியின் கூர்' எனலாம். பெயர் கடோபநிடதத்து உவமை ஒன்றிலிருந்து பிறந்தது. மூலநாவல் சாமர்செட் மாம் 1944இல் எழுதியது. நாவலையும் நாவலாசிரியரையும் பற்றி இவ்வூரார் பேசக் கேட்டுள்ளோம். படத்தை இயக்கியவர் எட்மண்டு கூல்டிங் என்பாரைப் பற்றியோ எம் பார்வைக்கு வந்த தமிழ்க் குறிப்புகளில் ஒரு சொல்லும் இல்லை. படம் பற்றிய கருத்துகளும் இருவகையாய்ப் பிரிந்து நிற்கின்றன. எம்மூர் முனிவர் ஹாலிவுட்டிலும் புகழ் பெற்றார் என மகிழ்வார் ஒரு சாரார். வெள்ளையர் எம் ஞானத்தைக் கேலிக்கூத்தாக்கினர் எனச் சினப்பார் மற்றொரு சாரார். முன்னது ஊர்ப்பற்று, பின்னது இனப்பற்று. இரண்டும் பற்றே, திறனாய்வு ஆகா. ஒரு கலைஞன் தன் ஆற்றலுக்கு எட்டியதை எவ்வாறு செய்தான், எட்டாததை எவ்விடத்துக் கைவிட்டான் என்பதை அவனுடைய பிற படைப்புகளோடு வைத்து நோக்கிய பின்னரே தீர்ப்புக் கூறல் தகும். அதற்குத் தொல்காப்பியப் பொருளதிகாரம் தந்த கருவிகளும் உதவும் என்பது எம் கருத்து.

கூல்டிங் 1891 மார்ச்சு 20ஆம் நாள் இங்கிலாந்தில் மிடில்செக்சு வட்டாரத்துப் பெல்த்தம் என்னும் ஊரிற் பிறந்தவர். இளமையிலேயே இலண்டன் நாடகமேடையில் நடிகராகவும் எழுத்தாளராகவும் பயின்றவர். அமெரிக்கா சென்று முதலிற் பெயர் பெற்றது கதை அமைப்பவராகவே. 1921இல் என்றி கிங் இயக்கிய 'டாலபிள் டேவிட்' என்னும் ஊமைப்படத்தின் திரைக்கதையில் இவர்க்குப் பங்குண்டு. 1925 முதல் தாமே இயக்கலானார். 1927இல் டால்சுடாயின் 'அன்னா கரீனினா'வைத் தழுவி 'லவ்' என்ற படத்தைக் கிரெட்டா கார்போவைத் தலைவியாகக் கொண்டு எடுத்தார். பேசும்படம் வந்தபோது பலர் தடுமாறினர்; மேடையறிவும் இசையறிவும் உடைய இவர் தடுமாறவில்லை. 1929இல் குளோரியா சுவான்சன் நடித்த 'தி டிரெசுபாசர்' படத்திற்குக் கதை, இயக்கம், பாடலின் இசை ஆகிய மூன்றும் இவருடையவே. இயல், இசை, நாடகம் என நாம் பிரித்தும் சேர்த்தும் பேசும் மூன்றும் ஒருவரிடத்தே அமைந்திருந்தன.

1932இல் வந்த 'கிராண்டு ஓட்டல்' அவ்வாண்டின் சிறந்த படத்திற்கான அக்காதெமிப் பரிசைப் பெற்றது. அப்படம் வேறு எப்பிரிவிலும் பரிசுக்குப் பரிந்துரைக்கப்படவே இல்லை என்பது வியப்பான செய்தி. படம் சிறந்ததாம், அதை இயக்கியவர் பரிந்துரைக்கும் தகுதியற்றவராம்! இந்த முரண் இவர் வாழ்க்கை முழுவதையும் தொடர்ந்தது. சிறந்த இயக்குநர்ப் பரிசுக்கு இவர் ஒருமுறையும் பரிந்துரைக்கப்படவில்லை. இவர் படங்களில் நடித்தோர் பரிசும் பரிந்துரையும் பெற்றனர். 'தி கிரேட் லை' (1941) மேரி ஆசுட்டருக்கும், நாம் எடுத்துக்கொண்ட படம் ஆன் பாக்சுட்டருக்கும் பரிசு ஈட்டித் தந்தன. 'டார்க் விக்டரி' (1939) இறப்பை எதிர்நோக்கும் இளம்பெண்ணொருத்தியின் கதை. பெட்டி டேவிசின் நடிப்பில் இன்றும் பேசப்படுவது. 'தி டான் பட்ரோல்' (1938) ஒன்றே ஆடவர் மட்டும் நிறைந்த போர்ப்படம். ஏனையவற்றுட் பெரும்பாலன பெண்களின் உள்ளத்தைப் பற்றியவை. ஆகவே 'பெண்களின் இயக்குநர்' என்று ஒரு பெயர் இவர்மேல் ஒட்டிக்கொண்டது. நடிகையர்க்கு ஒவ்வொரு பாத்திரத்தையும் தாமே நடித்துக் காட்டுவார் என்பர். பழைய நாடக ஆசிரியர்கள் நம் நாட்டிலும் இங்ஙனமே கற்பித்தனர் என்பதை ஈண்டு நினைவு கொள்ளலாம்.

1946இல் இவருடைய படங்கள் இரண்டு வெளிவந்தன. இரண்டும் மாமின் நாவல்களைத் தழுவியவை. ஒன்று 'ஆப் ஹியூமன் பாண்டேசு'. முன்னரே எடுக்கப்பட்டுக் காலந்தாழ்த்து வெளியாயது. மற்றொன்று நம் ஆய்வுக்குரியது. அதன்பின் 1947இல் 'நைட்மேர் ஆலி'. அதன்பின் வந்தவற்றுள் நின்று பேசத்தக்கது ஒன்றுமில்லை. 1959 டிசம்பர் 24ஆம் நாள் லாசு ஏஞ்சல்சு நகரில் மறைந்தார்.

இனி மூலநாவலுக்கு வருவோம். மாம் 1938இல் இந்தியாவிற் பயணம் செய்தபோது திருவண்ணாமலைக்கு வந்தார். சென்னையிலிருந்து வெயிலிற் காரில் வந்தவர் ஆசிரமத்தில் மயங்கி விழுந்தார். முனிவர் அவர் இருந்த இடத்திற்கே வந்து சிறிது நேரம் பேசாது அமர்ந்திருந்து சென்றார். மாம் சமாதி எய்தினார் என்று பின்னர் ஊரெங்கும் கதை பரவியது. தமக்கு முன்னரும் இத்தகைய மயக்கம் வருவதுண்டு என்றே மாம் எழுதினார். இவ்வரலாற்றை அவர் விரித்துரைத்த 'தி செயிண்ட்' என்னும் கட்டுரை 1958இல் வெளிவந்த நூலில் உள்ளது. நாவல் அதற்குப் பதினான்கு ஆண்டுகள் முந்தியது. நாவலில் திருவண்ணாமலை என்ற பெயர் இல்லை. முனிவர்க்குச் சிறீ கணேசர் என்று பெயர். மதுரைக் கோயிலும் திருவிதாங்கூர்க் காட்டுமலையும் கதைக்கு நிலமாகின்றன. லாரி என்னும் அமெரிக்க இளைஞன் அம்மலையின்மேல் விடியற்காலத்தில் மெய்யுணர்வு எய்துகிறான்.

இந்த லாரி யார் என்ற ஆராய்ச்சியில் மேனாட்டார் பலகாலம் ஈடுபட்டனர். ஆங்கில எழுத்தாளர் கிறிசுட்டபர் ஐசர்வுட்டு என்று சிலர் எழுத, அவரே அதனை மறுக்க நேர்ந்தது. கதைமாந்தர்க்கு ஊர்ப்பெயரும் குலப்பெயரும் தேடுவதில் நம்மவர்க்கும் ஆர்வம் மிகுதி. இலக்கியத்துக்கு அதனாற் பயன் சிறிதே, விடுக.

நாவலின் அமைப்பில் நாம் கருத வேண்டிய நுட்பம் ஒன்றுண்டு. இந்தியப் பகுதியை மாம் நேரே காட்டவில்லை. பாரிசில் ஓர் உணவகத்தில் இரவு முழுதும் அமர்ந்து லாரி சொல்ல, மாம் கேட்கிறார். அப்பகுதியின் தொடக்கத்தில், கதையை மட்டும் விரும்புவோர் இவ்வதிகாரத்தை விட்டுச் செல்லலாம் என்கிறார். ஆயினும் இவ்வுரையாடல் இல்லையேல் இந்நூலை எழுதவே துணிந்திரேன் என்ற பொருள்படவும் சொல்கிறார். விடத்தக்கதும் அதுவே, நூலுக்கு உயிரும் அதுவே. இது தன்னடக்கமா, வணிகத் தந்திரமா என்று கேட்பின் இரண்டும் என்போம். எவ்வாறாயினும், அனுபூதியைக் கூற்றாகவே வைத்தார், காட்சியாக வைக்கவில்லை. தாம் காணாததைக் கண்டதாக எழுதலாகாது என்ற நாணம் அவரிடம் இருந்தது. திரைப்படமோ காட்சியால் வாழ்வது. நாவலாசிரியர் நாணித் திரையிட்டு மறைத்ததைப் படம் திரையிலேயே காட்ட வேண்டியதாயிற்று. கூல்டிங்கின் இடர்ப்பாடு இங்கே தொடங்குகிறது.

படம் கூல்டிங்கின் விருப்பால் தொடங்கியதன்று. 1945இல் டுவெண்டியத்து செஞ்சுரி பாக்சு நிறுவனத்திற்காகத் தரில் சானக்கு நாவலின் உரிமையை வாங்கினார். முதலில் இயக்குநராகக் குறிக்கப்பட்டவர் ஜார்ஜ் கியூக்கர். மாமே ஒரு திரைக்கதை எழுதித் தந்தார், அது கைக்கொள்ளப்படவில்லை. இலாமர் திராட்டி எழுதியதே படமாயிற்று. கியூக்கர் விலக, கூல்டிங் வந்தார். தலைவனாக நடித்த டைரோன் பவர் கடற்படைவீரராகப் போர்ப்பணி முடித்து 1946 தொடக்கத்தில்தான் திரும்பினார். அவருக்காகக் காத்திருந்த சானக்கு, நடிகர் தெரிவே முடியாத 1945 ஆகத்திலேயே மலைக்காட்சிகளை எடுக்கச் செய்திருந்தார். மலை எங்குள்ளது? அமெரிக்காவின் கொலராடோ மாநிலத்துத் தென்வர் நகரை அடுத்து. அது படத்தில் இமயமாயிற்று. லாரியின் இடத்தில் வேறொருவர் நிற்க, முகம் தெரியாதபடி நெடுந்தொலைவிலிருந்து படம் பிடித்தனர். ஆகவே மலையைக் கூல்டிங் தெரிந்தெடுக்கவில்லை. மலையின்மேல் நின்றவன் தலைவனும் அல்லன். மலைக்காட்சி உயிரற்றது எனக் குறை கூறுவோர் இவ்வுண்மையை மனங்கொள்ளல் வேண்டும்.

இப்போது நிலப்பெயர்ச்சியை வரிசைப்படுத்திக் காண்க. திருவண்ணாமலை நாவலில் திருவிதாங்கூர் ஆயிற்று. திருவிதாங்கூர் படத்தில் இமயம் ஆயிற்று. இமயத்துக்குக் கொலராடோ உருக் கொடுத்தது. உரிப்பொருள் அல்லாத பிற மயங்குதல் உண்டு என்று தொல்காப்பியர் இசைவு தருகிறார். ஆனால் இரு நிலம் ஓரிடத்தே மயங்குதலை அவர் ஒப்பவில்லை. இவ்விதியை அகப்பாடலின் எல்லைக்குள் மட்டும் வைத்துப் படிப்பது நம் வழக்கம். அதன் உள்ளீடு பரந்தது என்பது எம் எண்ணம். நிலமும் பொழுதும் முதற்பொருள் எனப்பட்டமைக்குக் காரணம், உணர்ச்சி அவற்றினின்று எழுவது. உணர்ச்சிக்குப் பின்னர்ப் பூசப்படும் வண்ணம் அன்று அவை. நிலத்தை மாற்றின் உரிப்பொருளும் அறியாமலே மாறிவிடும்.

அருணை மலை பனிமலை அன்று. ஏறத்தாழ 2,668 அடி உயரமுள்ள தனிக்குன்றம். பாறையும் புதரும் கோடை வெப்பமும் உடையது. ஐம்பூதத் தலங்களுள் தீயின் தலம். கார்த்திகையில் உச்சியில் தீபம் ஏற்றப்பெறுவது. ஊரை விட்டு விலகி நிற்பதும் அன்று. அதன் காலடியில் பதினொரு நிலைக் கோபுரம் 217 அடி உயர்ந்து நிற்கிறது. கடைத்தெருவும் சத்திரமும் வண்டிநிலையமும் மலையை ஒட்டியே உள்ளன. 14 கிலோமீட்டர் சுற்றி வருவோர் மலையைக் கண்ணினின்று இழப்பதில்லை. வீட்டு முற்றத்தில் நின்று கைகூப்பத்தக்க மலை இது. இம்மலையில் துறவு என்பது உலகை விட்டு ஓடுதல் ஆகாது. உலகின் நடுவே அசையாது இருத்தலாம். முனிவர் 1896இல் வந்தவர் 1950 ஏப்பிரல் 14இல் மறையும்வரை இவ்விடத்தினின்று நீங்கவில்லை; அவரைக் காண வந்தவர்க்கோ கதவு அடைக்கப்படவும் இல்லை.

படத்து மலையோ ஆள் நடமாட்டமற்றது, மேகம் சூழ்ந்தது, எட்டாத தொலைவினது. அதன்மேல் தனிக் குடிசை. தீயின் மலை பனியின் மலையாகவே, ஞானமும் எட்டாத குளிர்ந்த உயரமாகிவிட்டது. ஆதலின் ஞானி லாரியை 'உலகிற்குத் திரும்பு' எனப் பணிப்பது படத்தில் பெரியதொரு திருப்பமாக ஒலிக்கிறது. திருவண்ணாமலையில் அங்ஙனம் சொல்ல வேண்டிய தேவையே இல்லை. உலகம் மலையடியிலேயே காய்கறி விற்றுக்கொண்டிருக்கிறது. நிலம் மயங்கியமையால் உரிப்பொருள் திரிந்தமைக்கு இதனினும் தெளிந்த சான்று வேண்டா.

அடுத்து, மோனம். மாம் இவ்வூரிற் பெற்றது ஒரு சொற்பொழிவு அன்று. பேசாது அமர்ந்த ஒருவரின் அண்மை. மௌனத்தால் உபதேசிக்கும் தென்முகக் கடவுளின் மரபு நமக்குப் பழையது. இவ்வூரோடு தொடர்புடைய அருணகிரிநாதரும் சொல்லற்றுச் சும்மா இருத்தலையே பேற்றுள் பெரும்பேறாகக் கொண்டவர். படத்தின் ஞானியாக நடித்த ஆங்கில நடிகர் செசில் ஹம்ப்ரீசு பேசுகிறார். திருத்தமான நாடகமேடை ஆங்கிலத்தில் பேசுகிறார். வீடுபேற்றின் வழி கத்திமுனை போன்றது என்கிறார். எல்லாச் சமயங்களும் கற்பிப்பதையே தாமும் சொல்வதாக மொழிகிறார். மனிதனுள் இறைமையின் பொறி உண்டு என்கிறார். இவை நல்லுரைகளே. எனினும் இவை எவ்வூர்த் தேவாலயத்திலும் ஞாயிறுதோறும் கேட்கத்தக்கன. முனிவரின் 'நான் யார்' என்னும் வினா படத்தில் எழவே இல்லை. வினாவாக இருந்தது விடையாகிவிட்டது. நாவலில் மாம் அத்துவிதக் கொள்கையைத் தம்மால் இயன்ற அளவு விளக்க முயன்றார். திராட்டியின் உரையாடலோ அதனைப் பொதுச் சமய நீதியாகக் கரைத்துவிட்டது. போரினின்று மீண்ட அமெரிக்கப் பொதுமக்களின் புண்பட்ட உள்ளத்திற்கு 1946இல் அத்தகைய ஆறுதல் வேண்டப்பட்டது என்பதை மறுத்தல் இயலாது.

இங்கே வினவ வேண்டியது ஒன்றுண்டு. ஊமைப்படக் காலத்தில் கார்போவின் முகத்தை மட்டும் வைத்துக் கதை நடத்திய கூல்டிங், பேசாத ஒருவரைத் திரையில் நிறுத்த அறியாதவரா? அறிந்தவரே. இப்படத்திலேயே சான்று உண்டு. சோபி என்பாள் குடியினின்று மீண்டு லாரியை மணக்கவிருக்கிறாள். அவனை முன்னர்க் காதலித்த இசபெல், மதுப்புட்டியை அவள் கண்முன் வைத்துவிட்டு அறையை விட்டு அகல்கிறாள். சோபியும் புட்டியும் மட்டும் அறையில். இக்காட்சியில் உரையாடலினும் இடைவெளி மிகுதியாகப் பேசுகிறது. பொறாமை ஒரு சொல்லும் கடிந்துரையாமல் கொலை புரிவதை இத்துணை அமைதியாகக் காட்டிய படங்கள் மிகச் சில. எலியட்டு என்னும் செல்வச்செருக்குடைய முதியவன் சாவுப்படுக்கையிலும் தனக்கு விருந்தழைப்பு வரவில்லையே என வருந்துகிறான். கிளிப்டன் வெப்பு நடித்த அக்காட்சியில் நகையும் அவலமும் பிரிக்கலாகாதபடி பின்னிக் கிடக்கின்றன. மெய்ப்பாட்டியல் பயிலும் மாணவர்க்கு எடுத்துக்காட்டாகத் தரத்தக்கது.

ஆகவே கூல்டிங்கின் ஆற்றல் அறைக்குள் விளங்குவது. கூடம், படுக்கை, மாடிப்படி, உணவு மேசை இவையே அவர் நிலம். காதலும் பொறாமையும் பிரிவும் அவர் உரிப்பொருள். கலைஞர்க்கும் திணை உண்டு. மருதத்துப் புலவனைப் பாலை பாடச் சொன்னது போன்றது சானக்கின் செயல். படத்தின் பாரிசுக் காட்சிகளுக்குக் கூல்டிங் தாமே இசையமைத்த 'மாம்செல்' என்னும் மெட்டு, மாக் கார்டனின் சொற்கள் பெற்று 1947இல் பலராற் பாடப்பட்டுப் பெரும்புகழ் எய்தியது. பாரிசுக்கு இசை தந்தவர் மலைக்கு ஒன்றும் தரவில்லை. மனம் எங்கிருந்தது என்பதற்கு இதுவே போதும்.

படத்தில் லாரி பெற்ற ஞானத்தின் பயன் எவ்வாறு வெளிப்படுகிறது? இசபெலின் கணவன் கிரேக்குத் தீராத் தலைவலி. அவன் கையில் ஒரு நாணயத்தைக் கொடுத்து, மனத்தை அடக்கச் செய்து, நோயை நீக்குகிறான் லாரி. இது நாவலிலும் உள்ளது. ஆயினும் நாவலில் நீண்ட வேதாந்த உரையாடலின் முன்னே சிறுநிகழ்ச்சியாய் நின்றது, படத்தில் இந்தியப் பயணத்தின் கண்கூடான விளைவாகிவிடுகிறது. சித்திகளை வழியில் தோன்றும் இடையூறுகளாகவே நம் மரபு எண்ணும். முனிவரும் அவற்றை மதித்தவர் அல்லர். அமெரிக்கத் திரைக்கோ கண்ணாற் காணத்தக்க ஒரு பலன் வேண்டியிருந்தது.

இந்நாணயம் நம்மை அடுத்த படத்திற்கு இட்டுச் செல்கிறது. 1947இல் அதே இயக்குநர், அதே டைரோன் பவர், அதே நிறுவனம், 'நைட்மேர் ஆலி'. இதில் பவர் ஒரு திருவிழாக் கூத்தாடி. பிறர் மனத்தைப் படிப்பதாக நடிக்கிறான். பின்னர் இறந்தோரோடு பேசவல்ல ஆன்மிகவாதியாக வேடமிட்டுச் செல்வரை ஏய்க்கிறான். இறுதியில் குடியால் சீரழிந்து, முதலில் தான் அருவருத்து நோக்கிய விலங்கொத்த கூத்தனின் நிலைக்கே இழிகிறான். வெளிவந்தபோது படம் வணிகத்திற் தோற்றது. பிற்காலத்தில் மதிப்பு உயர்ந்தது. 2021இல் கில்லெர்மோ தெல் தோரோ அக்கதையை மீண்டும் படமாக்கினார். ஓராண்டு இடையீட்டில் ஒரே நடிகனின் முகத்தில் மெய்ஞ்ஞானம் தேடுவோனையும் பொய்ஞ்ஞானம் விற்போனையும் காட்டிய இயக்குநர் வேறு யாவர்? முன்னதில் ஒளி ஞானியின் பின்னிருந்து வருகிறது, கோயிற்படம்போல. பின்னதில் ஒளியே குறைவு. ஆயினும் ஒவ்வொரு முகமும் நம்பத்தக்கதாய் உள்ளது. பொய்க் குருவின் பேச்சில் மயங்கும் முதிய செல்வரின் ஏக்கத்தைக் கூல்டிங் எள்ளவில்லை. அவ்வேக்கம் உண்மையானது, அதனைக் கைக்கொண்டவனே பொய்யன் என்று காட்டுகிறார். சமய உணர்ச்சி பற்றி அவர் உண்மையாக அறிந்ததை முதற்படத்திலும் இரண்டாம் படமே கூறுகிறது. இவ்விரண்டையும் ஒருங்கு வைத்துக் காணாதார் கூல்டிங்கை ஞானத்தை மலினப்படுத்தியவர் என்று கூறுதல் முறையன்று.

இனி மொழி. தமிழ் பயில்வோராகிய நமக்கு மிக நெருங்கிய குறை இதுவே. மேனாட்டார் எழுத்திலும் திரையிலும் முனிவர் மொழியற்றவராகவோ ஆங்கிலம் பேசுபவராகவோ வருகிறார். அவர் தமிழ்ப் புலவர் என்ற செய்தி எங்கும் இல்லை. 1928இல் உருப்பெற்ற 'உள்ளது நாற்பது' வெண்பாவால் இயன்றது. தளை தட்டாத வெண்பாவில் தத்துவத்தை அடக்குதல் எளிதன்று என்பதை யாப்பு கற்றார் அறிவர். அவருடன் இருந்து பாடலுக்குத் தூண்டியவர் முருகனார், தமிழ் கற்றுத் துறைபோயவர். 'அருணாசல அட்சரமணமாலை'யில் உயிர் தலைவியாகவும் மலை தலைவனாகவும் நிற்க, அகத்திணை முழுவதும் பத்தியாக மாறியிருக்கிறது. மலையைத் தலைவனாக விளித்த ஒருவரைப் பற்றி எடுத்த படத்தில் மலை பின்னணித் துணியாயிற்று. இதற்குக் கூல்டிங்கை மட்டும் நோதல் பயனில்லை. அவர் கையில் வந்தது மாமின் நாவல். மாமுக்குத் தமிழ் தெரியாது. மாமுக்கு முன் 1934இல் முனிவரை மேனாட்டுக்கு அறிவித்த பால் பிரண்டனும் தமிழ் வழியாக அவரை அறியவில்லை. முனிவரின் வெண்பாக்களை யாப்பு நோக்கிலும் அகமரபு நோக்கிலும் ஆராய்தல் தமிழ்த்துறைகளின் கடன். அவை பெரிதும் அடியார் உரைகளுக்கே விடப்பட்டுள்ளன. பிறர் காணாததைக் குறை கூறும் நாம் முன்னர்க் காட்டினோமா என்று கேட்டுக்கொள்ளுதல் நன்று.

மொழியறியாமை ஒன்றே தோல்விக்குக் காரணம் என்று முடிவு கட்டலும் பிழை. எல்லிசு ஆர். டங்கன் என்னும் அமெரிக்கர் 1936 முதல் 1950 வரை தமிழ்ப் படங்கள் இயக்கினார். 'சதி லீலாவதி' முதல் 'மந்திரி குமாரி' வரை அவர் எடுத்தவை நாடறிந்தவை. தமிழ் பேச அறியாதவர். எனினும் 1945இல் அவர் இயக்கிய 'மீரா'வில் எம். எஸ். சுப்புலட்சுமியின் முகத்தில் பத்தி நம்பத்தக்கதாய் விளங்குகிறது. டங்கன் தாம் அறியாத மொழியைப் பாடகியிடமே விட்டுவிட்டார். தாம் அறிந்த ஒளியையும் நிழலையும் மட்டும் ஆண்டார். இராசபுதனத்து நிலத்தையும் நேரிற் சென்று படமெடுத்தார். கூல்டிங்குக்கு நிலமும் இல்லை. தம் குரலிற் பாட ஒரு சுப்புலட்சுமியும் இல்லை. ஹம்ப்ரீசு இருந்தார். அவர் நல்ல நடிகரே. ஆனால் அவர் தெய்வத்தைப் பற்றிப் பேசுகிறார், மீராவோ தெய்வத்தோடு பேசுகிறாள்.

1984இல் இந்நாவல் மீண்டும் படமாயிற்று. பில் மர்ரே லாரியாக நடித்தார். அதில் இமயப் பகுதிப் பௌத்த மடமே ஞானத்தின் இடம். திருவண்ணாமலை அதிலும் இல்லை. இம்முறை வேதாந்தமும் இல்லை. முதற்படத்தில் எஞ்சியிருந்த மெல்லிய தொடர்பும் அறுந்தது.

கூல்டிங்கின் படத்தில் யாம் மீண்டும் மீண்டும் கருதிப் பார்ப்பது இறுதிக் காட்சி ஒன்றையே. நாவலில் லாரி தன் உடைமையைத் துறந்து அமெரிக்கா சென்று உழைத்துப் பிழைக்கப் போவதாகப் பேச்சளவிற் சொல்கிறான். அதன்பின் அவனை யாரும் காண்பதில்லை. படத்தில் மாம் என்னும் பாத்திரம் இசபெலிடம் லாரியின் நற்பண்பைப் பற்றிச் சில சொல்லி முடித்ததும், காட்சி சட்டென்று கடலுக்கு மாறுகிறது. சரக்குக் கப்பல் ஒன்றின் மேற்றளம். அலை எழுந்து தளத்தை நனைக்கிறது. கூலியாளாய்ப் பயணஞ் செய்யும் லாரி மழையிலும் காற்றிலும் தன் வேலையைச் செய்துகொண்டிருக்கிறான். அவன் பேசவில்லை. அவனிடம் யாரும் பேசவும் இல்லை.